முழங்கால் தண்ணீர்

எங்கள் மைனிக்கு உலகம் அழிகிற படம் என்றால் அப்படி ஒரு இஷ்டம். ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் வெள்ளைக்காரன் படத்தைத் தமிழில் பேசவிட்டு டிவியில் போடுவான் இல்லையா, அதுதான். கடல் எழும்பிவந்து கண்ணாடிக் கட்டடங்களை வாரிக்கொண்டு போகும். இல்லையென்றால் ஒரு பட்டணமே பனிக்கட்டியாக உறைந்து நிற்கும். அன்றைக்கு மட்டும் சமையல் ஒரு புளிக்கறி, ஒரு துவையலோடு முடிந்துவிடும். முறத்தில் பயறை எடுத்துக்கொண்டு டிவிக்கு முன்னால் தரையில் உட்கார்ந்தாள் என்றால் படம் முடியாமல் எழுந்திருக்க மாட்டாள்.

மைனி என் அண்ணனின் மனைவி. தங்கையான எனக்குக் கல்யாணம் அமையவில்லை. நாகர்கோவிலில் அரசாங்க வேலையோடு அண்ணன் வீட்டிலேயே தங்கிவிட்டேன். அவர்களுக்கும் பிள்ளைகள் இல்லை. ஆக அந்த ஓட்டு வீட்டில் நாங்கள் மூன்று பேர், ஒரு டிவி.

நானும் அண்ணனும் அலையைப் பார்த்து வாயைப் பிளந்துகொண்டிருப்போம். மைனியின் கண் வேறெங்கோ இருக்கும். அண்ணன் எழுந்து அந்தப் பக்கம் போனதும் என் பக்கம் குனிந்து கேட்பாள்.

“ஏட்டி, இந்தப் பொம்பள காலம்பற வீட்டவிட்டு எறங்குனவ. இப்பம் பொழுது சாயுகு. இன்னும் ஓடிட்டே இருக்கா. நடுவுல ஒரு தடவயாவது ஒண்ணுக்குப் போனாளா?”

“மைனி, கடலு பொறத்தால தொரத்திட்டு வருகு. அவ உயிரப் பாப்பாளா, இதப் பாப்பாளா?”

“கடலு தொரத்துனா அது நின்னுருமா? படம் எடுத்தவன் ஆம்பளையாட்டுதான் இருப்பான்.”

ஒரு நாள் இது அண்ணன் காதில் விழுந்துவிட்டது. “இவளப் படம் எடுக்க விட்டா பாதிப் படம் கக்கூசத் தேடியே போயிரும்” என்று வாசலில் நின்று சிரித்தார். மைனி முறத்தைத் தூக்கிக்கொண்டு அடுக்களைக்குள் போய்விட்டாள். கேலி செய்ததற்காகக் கோபம் இல்லை. அந்த வார்த்தையை ஒரு ஆம்பிளை அவளோடு சேர்த்துச் சொல்லிவிட்டாரே, அதற்குத்தான். அன்று இரவு அண்ணனுக்குச் சோறு நான்தான் போட்டேன்.

அவள் அப்படித்தான். உள்பாவாடை காயும் கொடியின்மேல் ஒரு துவர்த்துத் துண்டைப் போட்டு மூடாமல் விடமாட்டாள். தெருவில் யாராவது வருகிற சத்தம் கேட்டால் சோற்றுப் பானையை மூடுவாள். என்ன கறி வைத்தோம் என்பதுகூட அடுத்த வீட்டுக்குத் தெரியக்கூடாது. பின்கட்டில் இருந்த கக்கூசுக்குப் போகும்போது கையில் ஒரு வாளியும் துடைப்பமும் இருக்கும், பார்ப்பவர்கள் கழுவத்தான் போகிறாள் என்று நினைக்க வேண்டுமாம். உள்ளே போனதும் குழாயைத் திறந்துவிடுவாள். முப்பது வருஷம் ஒரே வீட்டில் இருந்தேன், அவள் அங்கே வேறு எதற்காகவும் போனதாக எனக்கே அத்தாட்சி இல்லை.

ஒரு சித்திரை மாதம் சொந்தக்காரர்களோடு வேன் பிடித்துப் போனோம். காலையில் பத்மநாபபுரம் அரண்மனை, மத்தியானத்துக்குமேல் சிதறால் மலை. வெயில் மண்டையைப் பிளக்கிறது. எல்லோரும் பாட்டில் பாட்டிலாகத் தண்ணீரை ஊற்றிக்கொள்கிறோம். மைனி மட்டும் தொடவில்லை. “தாகம் இல்ல மக்கா” என்றாள். மலையில் பாதி ஏறியதும் அப்படியே பாறையில் சாய்ந்துவிட்டாள். முகத்தில் தண்ணீர் தெளித்து எழுப்பினோம். எல்லோரும் வெயில் வெயில் என்று பேசிக்கொண்டார்கள். எனக்குக் காரணம் தெரியும். காலையில் அரண்மனைப் பக்கம் பொதுக் கழிப்பறைக்கு முன்னால் ஒரு வரிசை நின்றது, அதில் எங்கள் வேனில் வந்த ஆண்களும் நின்றார்கள். அதைப் பார்த்த நிமிஷத்திலேயே அன்று முழுக்கத் தண்ணீர் குடிப்பதில்லை என்று முடிவு கட்டிவிட்டாள். இதைக் கேட்டால் சிரிப்பு வரும். நானும் சிரித்திருக்கிறேன், ஆபீசில் சொல்லிக்கூடச் சிரித்திருக்கிறேன்.

ஒரு படத்தில் வெள்ளம் சூழ்ந்த மொட்டை மாடியிலிருந்து ஒரு பெண்ணை ஹெலிகாப்டரில் தூக்குவார்கள். அவள் தூங்குகிற உடுப்போடு கயிற்றில் தொங்கிக்கொண்டு போவாள். கீழே ஆயிரம் பேர் பார்க்கிறார்கள். மைனிக்கு அது ஆறவே இல்லை. மறுநாள் பரண் தட்டில் ஒரு பை ஏறியது. அதில் கஞ்சிபோட்டுத் தேய்த்த ஒரு கைத்தறிச் சேலை, அதற்குச் சேர்ந்த ஜாக்கெட், உள்பாவாடை, சீப்பு, குங்குமச் சிமிழ், பவுடர் டப்பா.

“இது என்னது மைனி?”

“ஒருவேள நமக்கும் அப்பிடி வந்துட்டுன்னா, நைட்டியோடயா ஏறுவேன்?”

“மாத்திர, டார்ச்சு ஒண்ணும் வேண்டாமா?”

“அதெல்லாம் அவனுவ தருவானுவ. சேல தருவானுவளா?”

சேலை மடிப்பு கலையக்கூடாது என்று மாதம் ஒருமுறை எடுத்து மறுபடியும் தேய்த்து வைப்பாள். பேரிடருக்கு இவ்வளவு ஒழுங்காகத் தயாராக இருந்த ஆள் இந்த ஜில்லாவில் வேறு யாரும் இருந்திருக்க மாட்டார்கள்.

எங்கள் ஊர் பழையாற்றை ஒட்டிய பள்ளம். சுற்றிலும் வயல். மழை எங்களுக்குப் புதிதில்லை. ஐப்பசியில் வரும், கும்பப்பூ போகத்துக்கு நாற்று நட்டிருப்போம், தண்ணீர் நிற்கும், வடியும். இப்போது அப்படி வருவதில்லை. கதிர் முற்றி அறுப்புக்கு நிற்கும்போது வந்து படுக்கவைத்துவிட்டுப் போகிறது. வெயில் அடிக்க வேண்டிய மாதத்தில் கணுக்கால் தண்ணீர் வாசலுக்கு வருகிறது, மறு வருஷம் அடுக்களைக்கு வருகிறது. அண்ணன் பேப்பர் படிக்கிறவர். கடல் சூடாகிறது, சூடான கடலிலிருந்து மேகம் அளவுக்குமேல் தண்ணீரை எடுக்கிறது, பெய்தால் ஒரேயடியாகப் பெய்கிறது என்று விளக்குவார். மைனி கேட்டுக்கொண்டிருந்துவிட்டுச் சொல்வாள்:

“படத்துல வாற மாதிரி வந்தா எனக்குச் சம்மதம். மல அளவு வரட்டும், எல்லாவனுக்கும் ஒண்ணுபோல வரும். யாரும் யாரையும் பாத்துட்டு நிக்க நேரம் இருக்காது. இது என்னது? முழங்காலுக்கு வந்து நின்னுட்டு, ஊரக்கூட்டி நம்மள வேடிக்க பாக்க வைக்கு.”

அப்போது இதையும் ஒரு தமாஷாகத்தான் எடுத்துக்கொண்டேன். முழங்கால் தண்ணீரை வைத்து எவன் படம் எடுப்பான்? அதில் ஓட முடியாது, நீந்த முடியாது, சாகவும் முடியாது என்றுதான் நினைத்துக்கொண்டிருந்தோம். படங்களில் தவறாமல் ஒரு விஞ்ஞானி வருவார். அவர் முன்னாலேயே சொல்லுவார், யாரும் கேட்க மாட்டார்கள். எங்கள் ஊருக்கு அந்த விஞ்ஞானி தேவையே இல்லை. தண்ணீர் எந்த வயல் வழியாக இறங்கி எந்த மடையில் விழும் என்று ஊரில் எல்லோருக்கும் தெரியும். தெரிந்துதான் தெற்கு வயலை மண் கொட்டி நிகத்தி மனையாக விற்றோம். நாங்கள் மட்டுமில்லை, அந்தப் பக்கம் வயல் வைத்திருந்த எல்லோரும் விற்றார்கள். பத்திரத்தில் அண்ணன் கையெழுத்துக்குக் கீழே என் கையெழுத்தும் உண்டு. தண்ணீர் போய்க்கொண்டிருந்த இடத்தில் வீடுகள் வந்தால், அது எங்கே போகும்? வீட்டுக்குள்தான் வரும்.

அந்த மனையை வாங்கி முதலில் வீடு கட்டியவள் செலின். மணவாளக்குறிச்சிக்கு அந்தப் பக்கம் ஒரு கடற்கரை ஊர். அவர்கள் வீட்டைக் கடல் எடுத்துவிட்டது. அதுவும் படத்தில் வருவதுபோல ஒரேயடியாக எடுக்கவில்லை. ஒரு வருஷம் தென்னை, ஒரு வருஷம் பின்பக்கத்துக் கக்கூஸ், பிறகு அடுக்களைச் சுவர் என்று கொஞ்சம் கொஞ்சமாகத் தின்றது. புருஷன் மஸ்கட்டில் இருந்தான். கடலே வேண்டாம் என்று உள்ளே வந்து எங்கள் தெருவில் இரண்டு நிலை வீடு கட்டினாள். நல்ல உயரத்தில் அடித்தளம், குளியலறை கக்கூஸ் எல்லாம் மாடியில். தண்ணீரிடம் அடிவாங்கியவள், அதனால் அப்படிக் கட்டினாள்.

மைனிக்கு அவளை ஆகாது. காரணம் எல்லாம் பெரிதாக ஒன்றும் கிடையாது. “கடப்பொறத்து ஆளு” என்பாள், அவ்வளவுதான். எங்கள் வீட்டில் மீன் இல்லாமல் சோறு இறங்காது. ஆனால் மீன் கொண்டுவருகிற பெண் வாசல்படிக்கு இந்தப் பக்கம் கால் வைத்ததில்லை. அதை யாரும் சட்டமாக எழுதி வைக்கவில்லை, எனக்கும் அது சின்ன வயதிலிருந்து பழக்கமாகத்தான் இருந்தது. செலின் வீட்டுப் பால்காய்ச்சுக்கு அவளே வந்து கூப்பிட்டாள். மைனி பட்டுச்சேலை உடுத்து எவர்சில்வர் குடத்தோடு போனாள். கேட்டுக்கு வெளியே நின்று குடத்தைக் கொடுத்தாள்.

“உள்ள வாங்க அக்கா, ஒரு வாய் பாயசம் குடிச்சிட்டுப் போலாம்.”

“எனக்கு இன்னைக்கு விரதம் மக்கா.”

புதன்கிழமை. என்ன விரதம் என்று செலின் கேட்கவில்லை. அதற்குப் பிறகு கிறிஸ்மஸுக்குக் கேக் வரும், மைனி கேட்டில் வைத்தே வாங்கிக்கொள்வாள், பாத்திரத்தைக் கழுவிச் சர்க்கரை போட்டுத் திருப்பிக் கொடுப்பாள். கேக் எங்கள் பசுவுக்குப் போகும். அவள் செலின் வீட்டுக்குள் போகாதது வெட்கத்தினாலா, திமிரினாலா என்று எனக்கு இன்றைக்கும் பிரித்துச் சொல்லத் தெரியவில்லை. இரண்டும் அவளுக்குள் கலந்துதான் கிடந்தன. எங்களுக்குள்ளும்தான்.

வெள்ளம் வந்தது விடிந்தபிறகு. முந்தின நாள் முழுக்கப் பெய்திருந்தது. கால்வாய் எங்கோ உடைந்துவிட்டது என்றார்கள். இடி இல்லை, சத்தம் இல்லை, படத்தில்போல நாய் ஊளையிடவில்லை, பறவை கூட்டமாகப் பறக்கவில்லை. நான் காப்பி குடித்துக்கொண்டிருந்தேன், செருப்பு மிதந்து வந்தது. அரை மணி நேரத்தில் வீட்டுக்குள் முழங்கால் அளவு. அதற்குமேல் ஏறவே இல்லை. வடியவும் இல்லை.

மைனி கட்டில்மேல் ஏறி நின்று தட்டிலிருந்து பையை இறக்கினாள். கதவைச் சாத்திக்கொண்டு சேலையை மாற்றி, தலை சீவி, பவுடர் போட்டு, குங்குமம் வைத்துக் கட்டில்மேல் உட்கார்ந்தாள். யாராவது வருவார்கள் என்று எதிர்பார்த்தாள் பாவம். தெருமுனைவரை ஒரு டிராக்டர் வந்து பால் பாக்கெட் கொடுத்துவிட்டுப் போனது. முழங்கால் தண்ணீருக்கு ஹெலிகாப்டர் அனுப்புவானா யாராவது?

தண்ணீர் வந்த கொஞ்ச நேரத்தில் பின்கட்டிலிருந்து களகளவென்று ஒரு சத்தம். தொட்டி நிறைந்து கக்கூஸ் வழியாக மேலே வருகிறது. மைனியின் முகத்தைப் பார்க்க வேண்டுமே! அவள் ஏதோ தப்புச் செய்து கையும் களவுமாகப் பிடிபட்டதுபோல ஆகிவிட்டாள். பின்கதவைச் சாத்தித் துணியை அடைத்தாள்.

“யாருட்டயும் சொல்லாத கேட்டியா. நாலு பேரு அறிஞ்சா நாணக்கேடு.”

நான் வெளியே வந்து பார்த்தேன். எதிர்வீட்டிலும் பின்கதவுக்குத் துணி அடைத்திருந்தார்கள். அதற்கடுத்த வீட்டிலும் அப்படித்தான். தெரு முழுக்க அதே சத்தம். எல்லோரும் வாசலில் நின்று மழையைப் பற்றிப் பேசிக்கொண்டிருந்தோம், ஒருவரும் அதைப் பற்றி வாய் திறக்கவில்லை. ஊர்ப் பள்ளிக்கூடத்தில் முகாம் என்றார்கள். அங்கே இருந்தது இரண்டு கக்கூஸ், அதில் ஒன்றின் கதவு சாத்தாது. மைனி அதைக் கேட்டதுமே “நான் எங்கயும் வரல்ல” என்றுவிட்டாள்.

தெருவில் ஒரே ஒரு வீட்டில்தான் எல்லாம் ஓடிக்கொண்டிருந்தது. செலின் வீடு. தெருவில் கரண்டு போயிருந்தது, அவள் வீட்டில் இன்வெர்ட்டர் இருந்தது. மத்தியானத்துக்குள் தெருப் பெண்கள் எல்லோர் கையிலும் ஒரு போனும் சார்ஜரும் முளைத்துவிட்டன. “செலினுக்க வீட்டுல போய்க் கொஞ்சம் சார்ஜ் போட்டுட்டு வாறேன்” என்று ஆண்கள் காது கேட்கச் சொல்லிவிட்டு, சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு, தண்ணீரில் நடந்து போனார்கள். மாடியில் செலின் எல்லா போனையும் வாங்கி மேசையில் வரிசையாகச் செருகுவாள். பிறகு பார்வையை வேறு பக்கம் திருப்பிக்கொண்டு, “உள்ள லைட்டு சுவிட்சு எடதுபக்கம் இருக்கு அக்கா” என்பாள். நானும் போனேன். நூறு சதவீதம் சார்ஜ் இருந்த போனைக் கொண்டுபோய்க் கொடுத்தேன். அவள் வாங்கிப் பார்த்துவிட்டுச் செருகினாள்.

மைனியிடம் செல்போன் கிடையாது. போகிறதற்கு ஒரு சாக்கு இல்லை அவளுக்கு. அன்று முழுக்க ஒரு சொட்டுத் தண்ணீர் குடிக்கவில்லை. பால் கொடுத்தேன், வேண்டாம் என்றாள். கஞ்சி வைத்துக் கொடுத்தேன், கெட்டியாக ஒரு கரண்டி தின்றாள். மறுநாளும் அப்படியே. உதடு வெடித்துவிட்டது. நான் என் போனையும் சார்ஜரையும் ஒரு பிளாஸ்டிக் கவரில் போட்டுக் கையில் திணித்தேன்.

“போயிட்டு வாங்க மைனி. சார்ஜ் போடணும்னு சொன்னாப் போதும். அவ ஒண்ணும் கேக்க மாட்டா.”

“எனக்கு ஒண்ணும் இல்லட்டி.”

“எனக்காவப் போயிட்டு வாங்க.”

பிறகு கட்டிலைவிட்டு இறங்கினாள். கஞ்சிபோட்ட சேலை முழங்கால்வரை நனைந்து கனத்தது. கவரை மார்போடு அணைத்துக்கொண்டு நடந்தாள். உள்ளே போய்விட வேண்டுமே என்று நான் ஜன்னலில் நின்று பார்த்தேன். செலின் வீட்டுக் கேட்டுவரை போய்விட்டாள். கேட்டில் கையும் வைத்துவிட்டாள். வெளிப்பக்கம் இருந்த மாடிப்படியில் எங்கள் தெரு ஆண்கள் நாலைந்து பேர் தண்ணீருக்குப் பயந்து உட்கார்ந்து பேசிக்கொண்டிருந்தார்கள். அவர்களைத் தாண்டித்தான் மேலே போக வேண்டும். செலின் மாடியிலிருந்து எட்டிப் பார்த்தாள்.

“வாங்க அக்கா, மேல வாங்க.”

மைனி அசையவில்லை.

“அக்கா, சும்மா வாங்க.”

படியில் இருந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். ஒருவர் மரியாதையாக எழுந்து வழியும் விட்டார். அது போதும். மைனி கேட்டிலிருந்து கையை எடுத்துவிட்டுத் திரும்பி நடந்து வந்தாள்.

“அங்க கரண்டு இல்லியாம்” என்று சொல்லிக் கவரை என்னிடம் நீட்டினாள். செலின் வீட்டு மாடியில் பகலிலேயே லைட் எரிந்துகொண்டிருந்தது. இரண்டு பேருமே அதைப் பார்த்தோம்.

பிறகு குளிர்காய்ச்சல் வந்தது. நனைந்ததால் என்றோம். இடுப்பு வலிக்கிறது என்றாள், தண்ணீரில் நடந்ததால் என்றோம். தண்ணீர் லேசாக வடிய ஆரம்பித்தபோது அவளுக்கு ஆள் அடையாளம் தெரியவில்லை. டிராக்டர் டிரெய்லரில் ஏற்றினோம். ரோட்டில் ஒரு டிவிக்காரன் கேமராவோடு நின்றான். அந்த நினைவில்லாத நிலையிலும் முந்தானையை இழுத்து முகத்தை மூடிக்கொண்டாள். சாயங்காலம் அதைப் போட்டான், பின்னால் சங்கீதம் எல்லாம் சேர்த்து. அச்சுஅசல் அவள் பார்த்த படங்கள் மாதிரியே இருந்தது.

ஆஸ்பத்திரியில் ஒரு சின்ன வயது டாக்டரம்மா. “எத்தனை நாளா யூரின் போகல? தண்ணி குடிச்சாங்களா?” என்று கேட்டாள். அண்ணன் என்னைப் பார்த்தார். நான் தரையைப் பார்த்தேன். அடக்கி அடக்கி வைத்ததில் தொற்று வந்து, சிறுநீரகத்தில் ஏறி, ரத்தத்தில் கலந்துவிட்டது என்றாள். ஏற்கெனவே சர்க்கரை வேறு. சுற்றி அவ்வளவு தண்ணீர் கிடக்க, குடிக்காமல் ஒரு மனுஷி இப்படி ஆவாளா என்று அந்தப் பெண்ணுக்குப் புரியவே இல்லை. எனக்குப் புரிந்தது. கட்டிலோரத்தில் குழாய் போட்டு ஒரு பை தொங்கவிட்டிருந்தார்கள். பார்க்க வந்தவர்கள் எல்லோர் கண்ணிலும் அது பட்டது. மைனியின் கை நினைவில்லாமலே அந்தப் பக்கம் போய்ப் போய்த் துவர்த்தால் அதை மூடப் பார்த்தது. நான் மூடிவிட்டேன். நர்ஸ் அளவு பார்க்க வேண்டும் என்று எடுத்துப்போட்டாள். நான் மறுபடியும் மூடினேன். அந்த ஒன்றைத்தான் என்னால் செய்ய முடிந்தது. அவள் பிழைக்கவில்லை.

இனிமேல் நடந்ததுதான் எனக்கு இன்னும் கூசுகிறது. கேட்க வந்தவர்களிடம் அண்ணன், “வெள்ளத்துல போயிட்டா” என்றார். பொய்யில்லைதான். சென்னையிலிருந்து வந்த எங்கள் சித்தப்பா மகன், “ஐயோ, ஒழுக்கு இழுத்துட்டுப் போயிட்டா?” என்று கேட்டான். அண்ணன் தலையை ஆட்டிவிட்டார். மூத்திரத்தை அடக்கிச் செத்தாள் என்று சொல்ல முடியுமா? அவளே அதைப் பொறுப்பாளா? நானும் பக்கத்தில் நின்று ஆமாம் என்பதுபோல இருந்தேன். அதற்கப்புறம் கதை எங்கள் கையில் இல்லை. சொந்தக்காரர் ஒருவர் சொன்னபோது தண்ணீர் இடுப்புக்கு வந்தது, அடுத்தவர் சொன்னபோது கழுத்துக்கு. அண்ணன் அவள் கையைப் பிடித்திருந்தாராம், சுழலில் கை நழுவிவிட்டதாம். பதினாறாம் நாள் பந்தியில் தண்ணீர் கூரை ஓட்டைத் தொட்டுவிட்டது. கேட்டவர்கள் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள். மைனிக்குக் கடைசியில் மலை அளவு தண்ணீரே கிடைத்துவிட்டது.

அந்தப் பேச்சைக் கேட்கச் சகிக்காமல் பின்பக்கம் வந்தேன். கிணற்றுப் பக்கம் செலின் நின்றுகொண்டிருந்தாள். எவ்வளவு நேரமாக நிற்கிறாளோ தெரியாது.

“உள்ள வா மக்கா, சாப்பிடு.”

“இல்லக்கா. இங்கயே நிக்கேன்.” அவள் முகம் வீங்கியிருந்தது. “உள்ள பேசுகது கேட்டுது. ஒழுக்குல போனாங்கன்னு.”

நான் கிணற்றுச் சுவரில் இருந்த வாளியை எடுத்துக் கீழே வைத்தேன்.

“எனக்குத் தெரியும்க்கா. அந்த ஆஸ்பத்திரி நர்சு எங்க ஊருப் பிள்ளதான். சொன்னா. அன்னைலேர்ந்து எனக்கு உறக்கம் இல்ல.”

“நீ என்னத்துக்கு வெசனப்படுக? நீ கூப்பிட்டியே. நான் ஜன்னல்ல நின்னு கேட்டுட்டுத்தான இருந்தேன். மைனிதான் வரல்ல.”

“கூப்பிட்டேன். மேல நின்னுகிட்டுக் கூப்பிட்டேன்.” மூக்கை உறிஞ்சிக்கொண்டாள். “அக்காவுக்கு எங்க வீடுன்னா ஆவாதுன்னு எனக்குத் தெரியாதா? வந்த நாளுலேர்ந்து தெரியும். அவங்க திரும்புனதும் எறங்கிப் போயிக் கையப் பிடிச்சுக் கூட்டிட்டு வரலாம்னுதான் நெனச்சேன். படியில காலும் வச்சேன்க்கா. அப்பம் மனசுல ஒண்ணு சொல்லுகு, வேண்டாம்னு போறவங்கள நீ என்னத்துக்குப் போயித் தாங்குக, ஒனக்கு மானம் இல்லியான்னு. அப்பிடியே நின்னுட்டேன். அவங்க போற வரைக்கும் பாத்துட்டே நின்னேன்.”

“செலின்…”

“எங்க கக்கூசக் கடலு எடுத்த வருசம் நான் எங்கெல்லாம் போயி ஒளிஞ்சு இருந்திருக்கேன் தெரியுமா? பாறைக்குப் பொறத்தால, வள்ளத்துக்குப் பொறத்தால. அது என்ன கஷ்டம்னு இந்தத் தெருவுல என்னப்போல அறிஞ்சவ யாரு உண்டு? அறிஞ்சுட்டும் நின்னேன்.”

உள்ளே அடுத்த பந்திக்கு இலை போடுகிற சத்தம் கேட்டது. செலின் முந்தானையால் முகத்தை அழுத்தித் துடைத்தாள்.

“எங்க பாத்ரூம் கதவுக்கு உள்ள நல்ல பெரிய கொண்டி உண்டும்க்கா. போட்டா யாராலயும் தெறக்க முடியாது. மேல நின்னு அதையாவது ஒரு சத்தம் போட்டுச் சொல்லியிருக்கலாம்.”

அண்ணன் என்னைக் கூப்பிட்டார். நான் திரும்பிப் பார்ப்பதற்குள் செலின் பின்வாசல் வழியாக இறங்கித் தெருவுக்குப் போய்விட்டாள். வழியெல்லாம் இன்னும் சேறு, செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு நடந்தாள். உள்ளே வந்து சாப்பிடு என்று நான் அவளிடம் ஒரு தடவைதான் சொல்லியிருந்தேன்.